குவிமாடமும் வராந்தாவும்

விக்டோரியா ராணி காலத்துக் கட்டடங்களைப் பற்றி நம்மவர்கள் பேசும்போது இரண்டு சுருதிதான் கேட்கிறது. ஒன்று, "அடடா, என்ன கம்பீரம்! இப்போது யாரால் இப்படிக் கட்ட முடியும்?" என்பது. மற்றது, "அந்நியன் நம்மை மிரட்டுவதற்காகக் கட்டியதைப் போய்ப் போற்றுவதா?" என்பது. முதல் கட்சிக்காரர்கள் ஞாயிற்றுக்கிழமைக் காலையில் காமிராவும் கையுமாகக் கடற்கரைச் சாலையில் நடக்கிறார்கள். இரண்டாவது கட்சிக்காரர்கள் பத்திரிகைகளுக்குக் கடிதம் எழுதுகிறார்கள். வேடிக்கை என்னவென்றால், இரண்டு கட்சியாரும் அண்ணாந்துதான் பார்க்கிறார்கள். ஒருவர் குவிமாடத்தைப் பார்த்துப் புகழ்கிறார். மற்றவர் அதே குவிமாடத்தைப் பார்த்துத் திட்டுகிறார். அவ்வளவுதான் வித்தியாசம்.

கதை எழுதுகிறவனுக்கு அண்ணாந்து பார்த்துப் பிரயோசனம் இல்லை. ஒரு பாத்திரத்தைக் கட்டடத்துக்குள் நுழைத்துவிட்டால், அவன் எங்கே நிற்பான், அவனை உள்ளே விடுகிறவன் யார், எத்தனை நாழிகை காத்திருக்க வேண்டும், வெயில் எந்தப் பக்கம் அடிக்கும் என்பதெல்லாம் எழுதுகிறவனுக்குத் தெரிந்தாக வேண்டும். இந்தத் தொழிலில் நெடுநாள் உழன்றதனால் கட்டடங்களை நிற்கிறவனுடைய கால்மட்டத்திலிருந்து பார்க்கிற பழக்கம் எனக்கு வந்துவிட்டது. அப்படிப் பார்க்கும்போது ஒரு கேள்வி எழுகிறது. சென்னையிலும் பம்பாயிலும் எழுந்த அந்தப் பெரிய கட்டடங்கள், அரூர் போன்ற ஒரு தாலுக்கா ஊருக்கு என்ன கொடுத்தன? குவிமாடம் மொரப்பூர் ஸ்டேஷனைத் தாண்டி இந்தப் பக்கம் வரவே இல்லை. வந்தது வராந்தா.

அதைச் சொல்வதற்கு முன்னால் சீமையில் நடந்ததைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். 1834-ல் லண்டனில் பார்லிமெண்டு மாளிகை எரிந்து போயிற்று. புதிய மாளிகைக்குப் போட்டி வைத்தபோது, அது காதிக் பாணியில் அல்லது எலிஸபெத் ராணி காலத்துப் பாணியில் இருக்க வேண்டும் என்று நிபந்தனை போட்டார்கள். சார்லஸ் பாரி என்பவர் உடம்பைத் திட்டமிட்டார். பூஜின் என்பவர் அதற்குச் சட்டை தைத்தார். ஊசிக் கோபுரமும் பூவேலையும் அந்தச் சட்டையில் அடக்கம். அதே காலத்தில் மான்செஸ்டர், லீட்ஸ் முதலான ஊர்கள் நூல் மில்லாலும் ரயிலாலும் தடதடவென்று வளர்ந்தன. பணம் வந்துவிட்டது, வம்சம் இல்லை. புதுப் பணக்காரன் ஏலத்தில் பழைய ஜமீன்தாரின் படங்களை வாங்கித் தன் கூடத்தில் மாட்டிக்கொள்வதில்லையா? அந்த மாதிரி நகர மண்டபம் மாதாகோவில் வேஷம் போட்டது. ரயில்வே ஹோட்டல் அரண்மனை வேஷம் போட்டது. தண்ணீர் இறைக்கும் இஞ்சின் கொட்டகைக்குக்கூடக் கோட்டைக் கொத்தளம் வைத்துக் கட்டினார்கள். எந்தக் காலத்துப் பாணி வேண்டுமோ அதைப் புத்தகத்தில் பார்த்து எடுத்துக்கொள்ளலாம் என்ற எண்ணம் அந்த நூற்றாண்டில்தான் வேரூன்றிற்று.

இந்த வேஷம் நம் நாட்டில் முழு அலங்காரத்தோடு மேடை ஏறியது பம்பாயில். 1860-களில் அமெரிக்காவில் உள்நாட்டு யுத்தம் நடந்தபோது அங்கிருந்து லங்காஷயருக்குப் பஞ்சு போவது நின்றது, பம்பாயில் பஞ்சு விலை ஏறிற்று, பணம் கொட்டிற்று. கவர்னர் பார்ட்டில் ஃபிரியர் பழைய கோட்டைச் சுவர்களை இடிக்கச் செய்தார். அந்த வெட்டவெளியில் காதிக் மாளிகைகள் வரிசையாக எழுந்தன. எல்லாவற்றுக்கும் சிகரமாக எஃப்.டபிள்யூ. ஸ்டீவன்ஸ் 1878-ல் தொடங்கிப் பத்து வருஷம் கட்டியதுதான் விக்டோரியா டெர்மினஸ். இன்று அதன் பெயர் சத்ரபதி சிவாஜி மகராஜ் டெர்மினஸ். 2004-ல் யுனெஸ்கோ அதை உலகப் பாரம்பரியச் சின்னமாக ஏற்றுக்கொண்டது.

அந்தக் கட்டடத்தின் அழகை நான் மறுக்கவில்லை. ஜே.ஜே. ஓவியப் பள்ளி மாணவர்கள் செதுக்கிய குரங்கும் மயிலும் இலையும் கொடியும் பார்க்கப் பார்க்கத் தெவிட்டாதவை. ஆனால் அந்தப் பெரிய குவிமாடத்துக்கு நேர்கீழே என்ன இருக்கிறது தெரியுமா? ரயில்வே கம்பெனியின் தலைமை ஆபீஸுக்குப் போகும் மாடிப்படி. டிக்கெட் வாங்கி ரயில் ஏறுகிற ஜனங்களுக்கு வழி பக்கவாட்டில். தினமும் லட்சக்கணக்கானவர்கள் அந்தக் குவிமாடத்துக்குப் பக்கத்தால் போய்க்கொண்டே இருக்கிறார்கள். அதன் அடியால் போகிறவர்கள் உத்தியோகஸ்தர்கள். கட்டடத்தைப் படமெடுக்கிறவர்கள் யாரும் இதைச் சொல்வதில்லை.

சென்னையின் கதை இன்னும் ருசியானது. அங்கே பஞ்சுப் பணம் இல்லை. ஆனால் ஒரு அரண்மனை கிடைத்தது. ஆற்காட்டு நவாபுக்காக 1768-ல் கட்டிய சேப்பாக்கம் மாளிகை அது. 1855-ல் நவாப் வாரிசில்லாமல் இறந்தபோது கம்பெனி சர்க்கார் பட்டத்தையே ரத்துச் செய்து, மாளிகையையும் எடுத்துக்கொண்டது. இந்தச் சூழ்நிலையில்தான் 1860-களில் ராபர்ட் ஃபெல்லோஸ் சிசோம் என்ற இளைஞர் வந்து சேர்கிறார். பிரஸிடென்ஸி கல்லூரிக்கும் சர்வகலாசாலை மண்டபத்துக்கும் வைத்த போட்டியில் அவர் ஜெயித்தார். 1870-ல் திறந்த பிரஸிடென்ஸி கல்லூரியைப் பாருங்கள். அது இத்தாலிய முகம். அதே கையால் 1874-லிருந்து 1879 வரையில் கட்டிய செனேட் ஹவுஸைப் பாருங்கள். நாலு மூலையிலும் குமிழ் வைத்த கோபுரம், வண்ணக் கண்ணாடி, பல வர்ணக் கற்கள். ஐந்தாறு வருஷத்துக்குள் மனிதர் தலைகீழாக மாறிவிட்டார்.

மாறியதற்கு ஒரு காரணம் கவர்னர் நேப்பியர். 1866 முதல் 1872 வரையில் சென்னையை ஆண்ட இவர் கட்டடக் கலையில் ஈடுபாடு உள்ளவர். இந்தியாவில் சர்க்கார் கட்டடங்களுக்கு முஸ்லிம் பாணிதான் பொருத்தம் என்று 1870-ல் ஒரு பிரசங்கமே செய்தார். தூணும் உத்தரமுமாக நிற்கும் நம் கோவில் முறையில் அகலமான கூடம் அமையாது, வளைவும் குவிமாடமும் இருந்தால் தூண் இல்லாமல் இடம் கிடைக்கும் என்பது அந்தக் காலத்து வாதம். வாதத்தில் நியாயம் இல்லாமல் இல்லை. மதுரைத் திருமலை நாயக்கர் மகாலைச் செப்பனிடச் சொன்னதும் நேப்பியர்தான். அந்த வேலையைச் செய்தவர் சிசோம். இடிந்து கிடந்த அந்த மகாலின் பிரம்மாண்டமான தூண்களுக்கும் வளைவுகளுக்கும் நடுவே நின்று அவர் பாடம் கேட்டிருக்கிறார் என்பது அவருடைய பிற்காலத்துக் கட்டடங்களைப் பார்த்தால் தெரிகிறது.

ஆனால் ஒன்றைக் கவனிக்க வேண்டும். 'இந்தோ-சாரசெனிக்' என்று பெயர் சூட்டப்பட்ட இந்தப் பாணியில் முகம்தான் இந்தியாவுடையது. குடல் இங்கிலீஷ்காரனுடையது. உள்ளே நுழைந்தால் வரவேற்பு அறை, அப்புறம் நடை, நடையின் இருபுறமும் ஆபீஸ் அறைகள், மாடிப்படி, கமிட்டி அறை. சமாதி மண்டபத்திலிருந்தும் மசூதியிலிருந்தும் எடுத்த குவிமாடத்தை ஒரு குமாஸ்தா ஆபீஸின் தலையில் கவிழ்த்தாயிற்று. தொப்பி நவாபுடையது, கணக்குப் புத்தகம் கம்பெனியுடையது என்று சொன்னால் பொருந்தும்.

சிசோம் மீது எனக்கு மரியாதை உண்டு. அதற்குக் காரணம் செனேட் ஹவுஸ் இல்லை. திருவனந்தபுரத்தில் அவர் கட்டிய நேப்பியர் மியூசியம். 1880-ல் முடிந்த அந்தக் கட்டடத்துக்கு அவர் டில்லியையும் ஆக்ராவையும் தேடிப் போகவில்லை. பக்கத்திலேயே இருந்த மலையாளத் தச்சர்களின் கூரையைப் பார்த்தார். பெரு மழையைச் சறுக்கிவிடுகிற சரிவான ஓட்டுக் கூரை, காற்றை உள்ளே இழுத்து மேலே விடுகிற முகப்பு, மர வேலைப்பாடு. அங்கே முகமும் உடம்பும் ஒன்று சேர்ந்துவிட்டன. உள்ளே நிற்கிற மனிதனுக்கு வியர்க்கக்கூடாது என்று ஒரு கட்டடக் கலைஞன் கவலைப்பட்டது தெரிகிறது. சென்னையில் அவர் கட்டியதையெல்லாம் தராசின் ஒரு தட்டில் வைத்து, இந்த ஒன்றை மறு தட்டில் வைத்தாலும் நான் இந்தப் பக்கம்தான் நிற்பேன். சென்னை வெயிலுக்கு அவர் அந்த அளவு கவலைப்பட்டிருந்தால் நம் சிறு பட்டணங்களின் சரித்திரமே வேறாக இருந்திருக்கும்.

அவருக்குப் பின் வந்த ஹென்றி இர்வின் காலத்தில் பாணி முற்றிப் போயிற்று. 1892-ல் திறந்த ஹைகோர்ட்டு அதன் உச்சம். பிராஸிங்டன் தொடங்கிய திட்டத்தை இர்வினும் ஸ்டீபன்ஸும் சேர்ந்து முடித்தார்கள். கட்டிக் கொடுத்தவர் காண்டிராக்டர் நம்பெருமாள் செட்டியார். செங்கல்லில் இப்படி ஒரு வனத்தை எழுப்ப முடியுமா என்று பிரமிக்க வைக்கிற கட்டடம். அதன் மிக உயர்ந்த ஸ்தூபியில் 1894-ல் விளக்கு ஏற்றினார்கள். 1977 வரையில் அதுதான் சென்னைக் கலங்கரை விளக்கம். கடலில் வருகிற கப்பல்காரனுக்கு அந்தக் கோபுரம் ஒழுங்காக வழி காட்டிற்று. தரையில் வருகிற கட்சிக்காரனோ, தன் வழக்கு எந்த ஹாலில் நடக்கிறது என்று வக்கீல் குமாஸ்தாவைத்தான் கேட்க வேண்டியிருந்தது, இன்றும் அப்படித்தான்.

இவ்வளவும் நகரத்துச் சமாசாரம். தாலுக்கா ஊருக்கு வருவோம்.

1850-களில் டல்ஹவுஸி பிரபு மராமத்து இலாகாவை ஏற்படுத்தினார். ரோடு, பாலம், மதகு, பாரக்ஸ், ஜெயில், கச்சேரி எல்லாம் அந்த இலாகாவின் பொறுப்பு. தலைநகரில் ஒரு சிசோம் இருந்தார். ஜில்லாவில் இருந்தவர் எஞ்சினீயர். அவரிடம் மாதிரிப் படம் ஒன்று இருந்தது. அதற்கு மேல் செலவு செய்ய அனுமதி இல்லை. ஆகவே குவிமாடம் கழன்றது, ஸ்தூபி கழன்றது, வண்ணக் கண்ணாடி கழன்றது. எல்லாம் கழன்ற பிறகு மிஞ்சியது ஒரு எலும்புக்கூடு. மூன்று நாலு படி ஏறுகிற மாதிரி உயர்ந்த அடித்தளம், கனத்த சுவர், ஆள் உயரத்துக்கு இரண்டு மடங்கு மேலே கூரை, கூரைக்குச் சற்றுக் கீழே காற்றுப் போக்கி, நாலு பக்கமோ முன்பக்கமோ சுற்றி ஓடும் வராந்தா, வெளியே மதில், மதிலில் ஒரு கேட். தாலுக்கா கச்சேரி, போலீஸ் ஸ்டேஷன், முன்சீப் கோர்ட்டு, டிராவலர்ஸ் பங்களா, ஆஸ்பத்திரி, பள்ளிக்கூடம் எல்லாம் இந்த எலும்புக்கூட்டிலேயே செய்தவை. தமிழ்நாட்டில் எந்தச் சிறிய ஊருக்குப் போனாலும் பெயர்ப்பலகையைப் படிக்காமலே "இது பழைய கச்சேரி" என்று சொல்லிவிடலாமே, எதனால்? இதனால்தான். விக்டோரியா காலத்துக் கட்டடக் கலையின் உண்மையான செல்வாக்கு இங்கேதான் இருக்கிறது. கோவையில் 1892-ல் ராணியின் பெயரால் ஒரு டவுன் ஹால் எழுந்ததும், சென்னையில் அதற்கு முன்பே ஜூபிலி ஞாபகமாக விக்டோரியா பப்ளிக் ஹால் வந்ததும் சரித்திரப் புத்தகத்துக்கு ஆகும். அந்த ஹாலில் சுகுண விலாச சபையார் போட்ட நாடகங்களை அரூர்க்காரர் எத்தனை பேர் பார்த்திருப்பார்கள்? கச்சேரி வராந்தாவில் நிற்காத குடும்பம் இந்தத் தாலுக்காவில் இராது.

இந்த எலும்புக்கூட்டின் நல்ல குணத்தை முதலில் சொல்லிவிட வேண்டும். அதன் தளம் 'மெட்ராஸ் டெரஸ்' என்று பெயர் பெற்றது. தேக்கு உத்தரங்களின் மேல் மெல்லிய சிறு செங்கற்களைச் சாய்வாக, ஓரத்தில் நிறுத்தி, சுண்ணாம்புச் சாந்தில் ஒன்றோடொன்று கடித்துக்கொள்ளும்படி அடுக்குவார்கள். அதன்மேல் செங்கல் ஜல்லியும் சுண்ணாம்பும் கலந்து கொட்டி, கடுக்காய் ஊறவைத்த தண்ணீரும் வெல்லத் தண்ணீரும் தெளித்து, நாள் கணக்கில் பெண்கள் வரிசையாக உட்கார்ந்து கட்டையால் தட்டுவார்கள். கடைசியில் தட்டோடு பதிப்பார்கள். தாளத்துக்கு ஏற்பப் பாட்டும் உண்டு. அந்தத் தளம் சித்திரை வெயிலை மதியம் வரையில் வாங்கி வைத்துக்கொள்ளுமே தவிர, உள்ளே விடாது. இதைக் கண்டுபிடித்தது விக்டோரியா ராணியின் எஞ்சினீயர் இல்லை. நம் கொத்தனார்களுக்கு முன்பே தெரிந்ததை இலாகா ஒரு முறையாக்கி எல்லா ஊருக்கும் கொண்டு போயிற்று. டெரஸ் போடக் காசு இல்லாத இடத்தில் ஓடு வந்தது. பாஸல் மிஷன்காரர்கள் 1865-ல் மங்களூரில் தொடங்கிய ஓட்டுத் தொழிற்சாலை இதற்கு வழி செய்தது. ரயில் அதைச் சுமந்தது. 1856-ல் ராயபுரத்தில் புறப்பட்ட ரயில் அடுத்த சில வருஷங்களில் ஜோலார்பேட்டையைக் கடந்து மொரப்பூர் வழியாகச் சேலத்தை நோக்கிப் போயிற்று. 1906-ல் மொரப்பூரிலிருந்து தருமபுரிக்கு ஒரு குட்டி ரயிலும் விட்டார்கள். பிறகு அது ஓசூர் வரையில் நீண்டது. 1941-ல் யுத்த காலத்தில் நின்று போயிற்று. தண்டவாளம் போன பிறகும் ஓடு தங்கிவிட்டது.

இப்போது வராந்தாவுக்கு வருகிறேன். வராந்தாவுக்கும் நம் திண்ணைக்கும் தோற்றத்தில் உறவு உண்டு. இரண்டும் நிழல், இரண்டும் வாசலை ஒட்டியவை. குணத்தில் நேர் விரோதம். திண்ணை வீட்டுக்காரன் தெருவுக்குக் கொடுத்த இடம். அங்கே உட்காரலாம், படுக்கலாம், யாரும் காரணம் கேட்கமாட்டார்கள். கச்சேரி வராந்தா சர்க்கார் ஜனங்களை நிறுத்தி வைக்கிற இடம். அங்கே நிற்கத்தான் முடியும், காரணம் இல்லாமல் நிற்கவும் முடியாது. கதவுக்கு முன்னால் ஒரு டவாலிச் சேவகன். அவன் கண்ணசைவுக்கு ஒரு சித்தேரி மலைக்காரர் காலை பத்து மணியிலிருந்து மூன்று மணி வரையில் தூணோடு தூணாக நிற்கிறார். துரை உள்ளே இருக்கிறார். துரைக்கு மேலே பங்கா ஆடுகிறது. உயர்ந்த படியும் கனத்த கதவும் ஒரு வார்த்தை பேசாமலே அவருக்குச் சொல்ல வேண்டியதைச் சொல்லிவிடுகின்றன. இந்த நாடகத்தை நடத்த ஸ்டீவன்ஸின் குவிமாடம் தேவையே இல்லை. நாலு படியும் ஒரு தூண் வரிசையும் போதும்.

கச்சேரி வருவதற்கு முந்திய காலம் ஒன்று இந்தப் பக்கத்தில் இருந்தது. 1792-ல் திப்புவிடமிருந்து பாரமகாலைக் கம்பெனி வாங்கியபோது, அலெக்ஸாண்டர் ரீடும் அவருக்குக் கீழே தாமஸ் மன்றோவும் வரி போட வந்தார்கள். மன்றோ தருமபுரியில் குடியிருந்தார். ஆனால் அவருடைய கச்சேரி பெரும்பாலும் கூடாரத்திலேயே நடந்தது. ஊர் ஊராகப் போய், மரத்தடியில் குடியானவர்களைக் கூட்டி, நிலத்தைப் பார்த்துக் கணக்கு எழுதினார்கள். வரி வாங்க வந்தவர்கள்தான். தர்மப் பிரபுக்கள் என்று நான் சொல்ல வரவில்லை. இருந்தாலும் அதிகாரி குடியானவனைத் தேடி வந்தான். கட்டடம் எழுந்த பிறகு குடியானவன் அதிகாரியைத் தேடிப் போக வேண்டியதாயிற்று. வருஷத்துக்கு ஒரு முறை நடக்கும் ஜமாபந்தியில் அந்தப் பழைய வழக்கத்தின் வாசனை மட்டும் இன்னும் ஒட்டிக்கொண்டிருக்கிறது.

இந்த இடத்தில் வாசகர் ஒருவர் என்னை மடக்கலாம். "உங்கள் திண்ணையில் எல்லோரும் உட்கார முடிந்ததா?" என்று கேட்கலாம். நியாயமான கேள்வி. உட்கார முடியவில்லை. திண்ணையில் மட்டுமா? கோவில் மண்டபத்திலும் முடியவில்லை. மதுரை மீனாக்ஷி கோவிலுக்குள் தாழ்த்தப்பட்டவர்கள் அடியெடுத்து வைத்தது 1939 ஜூலையில். மாகாணம் முழுவதற்கும் சட்டம் வந்தது 1947-ல். தீர்த்தமலை மண்டபத்தின் குளிர்ச்சியைப் பற்றி எவ்வளவு உருகி எழுதினாலும், அந்தக் குளிர்ச்சி யாருக்கு என்ற கேள்விக்குப் பதில் சொல்லாமல் தப்ப முடியாது. அந்தக் கணக்கில் பார்த்தால், ஊரிலேயே சகல ஜாதியாரும் ஒரே கூரையின் கீழ் நின்ற முதல் இடம் கச்சேரி வராந்தாவும் ரயில்வே ஸ்டேஷனும்தான். ஆரம்பத்தில் அங்கேயும் தூர நிற்கச் சொன்ன மகானுபாவர்கள் இருந்தார்கள். ஆனால் சட்டம் அவர்கள் பக்கம் இல்லை. மிராசுதாரரும் அவருடைய பண்ணையாளும் ஒரே தூண் வரிசையில் காத்திருந்தார்கள். மிராசுதாரருக்கு அது பொறுக்கவில்லை, பண்ணையாளுக்கு அது மறக்கவில்லை. அந்நியன் கட்டியது என்பதற்காக மட்டும் வராந்தாவை உதைத்துத் தள்ளுகிறவர்களோடு என்னால் சேர முடியாததற்கு இதுதான் காரணம். நிழலையும் நிற்க வைத்தலையும் அது ஒருங்கே எல்லோருக்கும் கொடுத்தது.

இதற்கு மேல் ஒன்று சொல்லியாக வேண்டும். அரூரைப் பற்றி எழுதிக்கொண்டு வாச்சாத்தியைச் சொல்லாமல் விடுவது பொய் சொல்வதற்குச் சமம். 1992 ஜூன் 20-ம் தேதி வனத்துறை, போலீஸ், வருவாய்த்துறை ஆட்கள் சந்தன மரம் தேடுகிறோம் என்று அந்த மலைவாசி ஊருக்குள் புகுந்தார்கள். ஊரைச் சூறையாடினார்கள். பதினெட்டுப் பெண்கள் மானபங்கம் செய்யப்பட்டார்கள். பெண்களையும் குழந்தைகளையும் அரூர் வனத்துறை அலுவலகத்துக்குக் கொண்டுபோய் அடைத்து வைத்துச் சித்திரவதை செய்தார்கள். அந்த அலுவலகத்துக்கு என்ன பாணி என்று எந்தக் கட்டடக் கலைப் புத்தகமும் எழுதாது. 2011 செப்டம்பர் 29-ல் தருமபுரிக் கோர்ட்டு தீர்ப்புச் சொன்னபோது, குற்றம் சாட்டப்பட்ட 269 பேரில் 54 பேர் இறந்து போயிருந்தார்கள். உயிரோடு இருந்த 215 பேரும் குற்றவாளிகள் என்று முடிவாயிற்று. அப்பீலில் 2023 செப்டம்பர் 29-ல் சென்னை ஹைகோர்ட்டு அந்தத் தீர்ப்பை உறுதி செய்தது. இர்வினின் குவிமாடங்களின் கீழ் சொல்லப்பட்ட தீர்ப்பு அது. முப்பத்தொரு வருஷம் அந்தப் பெண்கள் எத்தனை வராந்தாக்களில் நின்றிருப்பார்கள்! அந்தத் தீர்ப்புக்கு முன், அதே வருஷம் மார்ச்சில், நீதிபதி வாச்சாத்திக்கே நேரில் வந்து பார்த்தார். அன்று ஒரு நாள் கச்சேரி மரத்தடிக்கு வந்தது.

குவிமாடம் இந்தப் பக்கம் வரவில்லை என்று முதலில் சொன்னேன். இப்போதுதான், நூற்றைம்பது வருஷம் தாமதமாக, வந்து கொண்டிருக்கிறது. சேலத்திலிருந்து வாணியம்பாடி போகும் நெடுஞ்சாலை ஊர் நடுவே போகிறது. அதன் இருமருங்கிலும் ஊர் வளர்கிறது. கல்யாண மண்டபங்களின் முகப்பில் பிளாஸ்டர் குவிமாடமும் ரோமாபுரித் தூண்களும் பளபளக்கின்றன. பக்கத்துச் சந்தில் திரும்பினால் பூசாத செங்கல் சுவர். ஜவுளிக் கடை முகப்பு மேற்கே பார்த்த முழுக் கண்ணாடி. உள்ளே குளிர்சாதனம் ஒரு நிமிஷம் நின்றால் விற்கிறவருக்கும் வாங்குகிறவருக்கும் மூச்சு முட்டும். முகம் ஒன்று, உடம்பு வேறு என்ற அந்தச் சீமைப் பாடத்தை நாம் பிசகில்லாமல் கற்றுக்கொண்டுவிட்டோம். மான்செஸ்டர் துணி வியாபாரி செய்ததை நம் ஜவுளிக்காரர் செய்தால் என்ன தப்பு என்று கேட்டால், தப்பு இல்லைதான். ஆனால் அந்த மனிதர் கல்லில் செய்தார். இவர் முகப்புக்கு அலுமினியத் தகடு ஒட்டுகிறார். பத்து வருஷத்தில் கழற்றிவிட்டு வேறு வர்ணம் ஒட்டுவார்.

ஜவுளிக் கடையை விடுங்கள். அது அவர் பணம். சர்க்கார் கட்டுகிற கட்டடம்தான் என்னை உறுத்துகிறது. 2012 ஜனவரியில் சேப்பாக்கத்தில் கலஸ் மகால் தீப்பற்றி எரிந்தது. அதைப் பழைய முறைப்படியே செப்பனிட்டார்கள். கடுக்காயும் வெல்லமும் மறுபடி வந்தன. மறந்து போன கைகளுக்கு மறுபடி வேலை வந்தது. நல்ல காரியம். ஆனால் அதே இலாகாதான் தாலுக்காக்களில் பழைய கச்சேரிகளை இடித்துவிட்டு, நாலடுக்குப் பெட்டிகளைக் கட்டுகிறது. தளம் கான்க்ரீட், உயரம் பத்தடி, மேல்மாடியில் மூன்று மணிக்குக் கை வைத்தால் சுவர் சுடும். உத்தியோகஸ்தர் அறையில் குளிர்சாதனம் உண்டு. வராந்தா இல்லை, ஒரு ஆள் அகலத்துக்கு நடை இருக்கிறது. நடையின் இரண்டு பக்கமும் சாத்திய கதவு. வந்தவர்கள் மாடிப்படியில் உட்கார்ந்திருக்கிறார்கள். மேலே ஏறுகிறவர்கள் அவர்களைத் தாண்டிக்கொண்டு போகிறார்கள். தலைநகரத்துக் குவிமாடத்துக்குக் கடுக்காய் கிடைக்கிறது. தாலுக்காவில் நிற்கிறவனுக்கு இருந்த ஒரே நிழலும் போயிற்று. காத்திருத்தல் மட்டும் போகவில்லை.

கட்டடக் கலைஞர்களிடம் இதைச் சொன்னால், வராந்தாவுக்குச் சதுர அடி கணக்கில் செலவு ஆகிறது, அதைப் பயன்படும் இடமாகக் கணக்கில் சேர்க்க முடியாது என்கிறார்கள். பயன்படும் இடம் என்றால் மேஜை போடும் இடம் என்று அர்த்தமாம்.

திங்கட்கிழமைகளில் கலெக்டர் ஆபீஸ்களில் மக்கள் குறை கேட்கும் நாள் நடக்கிறது. அரூரிலிருந்து போகிறவர்கள் விடியற்காலையில் பஸ் ஏறி, மனுவை மடியில் வைத்துக்கொண்டு தருமபுரிக்குப் போகிறார்கள். பல ஜில்லாக்களில், புதிதாகக் கட்டிய பெரிய கலெக்டர் ஆபீஸின் முன்னால், அன்றைக்கு மட்டும் மூங்கில் நட்டு ஷாமியானா போடுகிறார்கள். ஜனங்கள் அதன் அடியில் உட்கார்ந்திருக்கிறார்கள். சாயங்காலம் அதைப் பிரித்து வண்டியில் ஏற்றிக்கொண்டு போகிறார்கள்.